ஆர்டிஸ் கோல்ஸ்டாடின் வீடும் ஏவுகணையின் வட்டமும்

ஆர்டிஸ் கோல்ஸ்டாடின் நிலத்தில் ஓர் அணு ஏவுகணை இருக்கிறது. மொன்டானாவில் எங்கள் பக்கத்தில் இதைச் சொன்னால் யாரும் நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டார்கள். எங்கள் சித்தப்பாவின் மேய்ச்சல் நிலத்தில் ஒன்று இருக்கிறது. தேவாலயத்தைத் தாண்டி வடக்கே போனால் இன்னொன்று. எதிரியின் ஒரு குண்டுக்கு ஒன்றுக்கு மேல் அகப்படக் கூடாது என்பதற்காக, ஒவ்வொன்றையும் பல மைல் தள்ளித் தள்ளிப் புதைத்திருக்கிறார்கள். கோதுமைக்கு நடுவே ஒரு கம்பி வேலி, வேலிக்குள் சரளைக்கல், சரளைக்கு நடுவே தரையோடு தரையாக ஒரு கான்கிரீட் மூடி. அதற்குக் கீழே குழிக்குள் அது நிற்கிறது. வெளியூரிலிருந்து படம் எடுக்க வருகிறவர்கள் ஏமாந்துதான் போவார்கள்.

இவ்வளவு பரந்த நாட்டில் ஏன் இங்கே வைத்தார்கள் என்பதற்கு எங்கள் ஊர்க் காப்பிக்கடையில் ஒரு விளக்கம் உண்டு.

"அவங்ககிட்ட இருக்கற குண்டெல்லாம் இங்க வந்து விழுந்து தீரணும். அப்பதான் நியூயார்க் தப்பிக்கும்" என்பார் ஒருவர்.

"அப்ப நியூயார்க்காரன் வருஷத்துக்கு ஒரு தடவ நமக்குக் காப்பியாவது வாங்கித் தரணும்ல" என்பார் இன்னொருவர். பிறகு பேச்சு மழைக்குத் திரும்பிவிடும்.

ஆர்டிஸுக்கு ஐம்பத்தொன்பது வயது. உயரமானவர். பக்கத்தில் நிற்பவரிடம் பேசும்போதும் வயலுக்கு அந்தப் பக்கம் நிற்பவரிடம் பேசுவது போலத்தான் பேசுவார். எங்கள் பள்ளிப் பேருந்தை அவர்தான் ஓட்டினார். இந்த ஆண்டு பள்ளியை முடிக்கும்வரை நான் அவர் பேருந்தில்தான் போனேன். யாருக்கு வளைவில் வாந்தி வரும், யார் வீட்டில் காலைச் சாப்பாடு இருக்காது, யாரை யார் பக்கத்தில் உட்கார வைக்கக் கூடாது என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். அவர் கணவர் ராட்னி அலாஸ்காவுக்கு எண்ணெய் வேலைக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டார். மகள் காரி ஸ்போகேன் நகரில் இருக்கிறாள். ஆர்டிஸ் ஊர் ஓரத்தில், வண்டியில் இழுத்து வந்து வைக்கிற ஒரு தகர டிரெய்லர் வீட்டில் குடியிருந்தார். காற்றடித்தால் அது ஆடும்.

அவருடைய அப்பா இறக்கும்போது பெரிய நிலத்தைத் தம்பி லைலுக்கும், ஏவுகணை இருக்கும் துண்டை ஆர்டிஸுக்கும் எழுதி வைத்திருந்தார். அன்றே லைல் சொன்னது ஊர் முழுக்கத் தெரியும்.

"அப்பாவுக்கு எப்பவுமே உன்மேலதான் பாசம், ஆர்டிஸ். எனக்கு வெறும் கோதுமை. உனக்கு நாட்டோட பாதுகாப்பு."

தினமும் காலையில் எங்கள் பேருந்து அந்த வேலிக் கதவைக் கடந்து போகும். வேலிக்குள் ஏதாவது அசைந்தால் எங்கோ ஓர் அபாய மணி அடிக்கும். உடனே காவல் வீரர்கள் வண்டியில் விரைந்து வருவார்கள். பெரும்பாலும் முயல்தான். சில நாள் காற்றில் உருண்டு வந்த முட்செடி. வருகிற வீரர்கள் ஃப்ளோரிடா, டெக்சஸ் என்று வெயில் ஊர்ப் பிள்ளைகள். பனியில் வண்டியோட்டத் தெரியாது. ஒரு ஜனவரி மாதம் அவர்கள் வண்டி பள்ளத்தில் இறங்கி மூக்கைப் புதைத்துக்கொண்டிருந்தது. ஆர்டிஸ் பேருந்தை நிறுத்தி, கண்ணாடியை இறக்கிக் கத்தினார்.

"உயிரோட இருக்கீங்களா?"

"இருக்கோம், மேடம்."

"உங்கள இழுக்க யாராவது வர்றாங்களா?"

"அதச் சொல்லக் கூடாது, மேடம்."

"அப்ப யாரும் வரல" என்று எங்களிடம் சொல்லிவிட்டு, டிராக்டரை எடுத்துக்கொண்டு வரும்படி ரேடியோவில் லைலைக் கூப்பிட்டார்.

இனி வீட்டுக் கதைக்கு வருகிறேன்.

சின்ன வகுப்புகளுக்கென்று இருந்த எங்கள் பழைய கிராமப் பள்ளியை மூடியபோது, பக்கத்தில் இருந்த ஆசிரியர் வீடு காலியானது. இரண்டு அறை, ஒரு சமையலறை, நல்ல மரம். எடுத்துக்கொண்டு போகிறவர்களுக்குத் தருவதாக மாவட்டம் அறிவித்தது. எங்கள் பக்கம் வீட்டை அப்படியே தூக்கிச் சக்கரத்தில் ஏற்றி இன்னோர் இடத்தில் வைப்பது புதிதல்ல. எங்கள் தாத்தா வீடே இரண்டு முறை இடம் மாறியது. ஆர்டிஸ் அந்த வீட்டைக் கேட்டு வாங்கினார். சொந்த நிலத்தில், ஆடாத ஒரு வீட்டில் வாழவேண்டும் என்பது அவருக்கு நெடுநாள் ஆசை.

வைக்க இடம்தான் சுலபமாகக் கிடைக்கவில்லை. அவர் நிலத்தின் தென்பாதி உப்புப் பூத்த சேறு. அங்கே போட்ட ஆழ்துளைக் கிணற்றில் மாடுகூடக் குடிக்காத தண்ணீர் வந்தது. வடகிழக்கு மேட்டின் அடியில் இன்னொன்று போட்டார். அதில் நல்ல தண்ணீர் வந்தது. ஆகவே வீடு அந்தக் கிணற்றின் பக்கத்தில்தான் என்று முடிவானது.

ஒரே ஒரு விதி இருந்தது. ஏவுகணை மூடியிலிருந்து ஆயிரத்து இருநூறு அடிக்குள் மனிதர் குடியிருக்கக் கூடாது. தானியக் கொட்டகை இருக்கலாம், மாடு மேயலாம், பகலில் வேலை செய்யலாம். ஆள் படுத்துத் தூங்கக் கூடாது. அவர் அப்பா ஏவுகணைக்கு இடம் கொடுத்துக் கையெழுத்திட்ட நாளிலிருந்து இருக்கிற விதி அது. அக்காவும் தம்பியும் அதை மீற நினைக்கவே இல்லை. நீண்ட டேப்பை எடுத்துக்கொண்டு அளக்கப் போனார்கள்.

இங்கேதான் தவறு நடந்தது. எங்கள் மண்ணில் யாரும் எங்கும் சாய்வாகப் போவதில்லை. நிலம் முழுவதும் மைலுக்கு மைல் கட்டம் போட்டது. சாலைகள் வடக்கு தெற்காகவும் கிழக்கு மேற்காகவும்தான் ஓடும். வழி கேட்டால் "இரண்டு வடக்கு, ஒன்று கிழக்கு" என்போம். ஒருவர் பயிரின் குறுக்கே நடந்து போவது அவர் சாப்பாட்டு மேசைமேல் நடப்பது போல. எனவே லைலும் ஆர்டிஸும் மூடிக்கு நேரே சாலையில் தொடங்கி, சாலையோடு வடக்கே தொள்ளாயிரம் அடி அளந்தார்கள். அங்கிருந்து வயல் வரப்போடு கிழக்கே அறுநூறு அடி.

"ஆயிரத்து ஐந்நூறு. முந்நூறு அடி மிச்சம். வேணும்னா ஒரு வராந்தாவும் கட்டிக்கோ" என்றார் லைல்.

ஆர்டிஸ் விமானப்படைத் தளத்துக்குத் தொலைபேசியில் சொன்னார். ஆயிரத்து ஐந்நூறு அடி தள்ளி என்றால் ஒன்றும் பிரச்சினை இல்லை என்று பதில் வந்தது. வீடு நகர்த்தும் வெர்னனும் வந்து பார்த்துத் தலையாட்டினார். என் அப்பாவும் தலையாட்டினார். எல்லோரும் பள்ளியில் முக்கோணம் படித்தவர்கள்தான். ஒருவருக்கும் தோன்றவில்லை.

அறுவடை முடிந்த அக்டோபரில் வீடு வந்தது. மின்கம்பிகளைத் தவிர்க்க வெர்னன் அதை அறுத்த வயல்கள் வழியாக இழுத்து வந்தார். புகைக்கூண்டோடு ஒரு வீடு கோதுமை அடித்தாள்களுக்கு மேலே மெதுவாக மிதந்து வருவது போல இருந்தது. பின்னால் எங்கள் வண்டிகள் ஊர்வலம். மதியம் எல்லோருக்கும் சாண்ட்விச்சும் கேக்கும். ஆர்டிஸ் தன் டிரெய்லர் வீட்டைப் புதிதாகத் திருமணமான ஒரு ஜோடிக்குக் கொடுத்துவிட்டுக் குடிவந்தார். குழாயைத் திறந்து அவர் பிடித்த முதல் குவளைத் தண்ணீரை எங்கள் எல்லோருக்கும் ஆளுக்கு ஒரு வாய் கொடுத்தார். தேவாலயத்தில் திருவிருந்து வாங்குவது போல வரிசையில் நின்று குடித்தோம்.

நவம்பரில் தளத்தின் நில அலுவலகத்திலிருந்து பெல்ட்ரான் என்பவர் வந்தார். அமைதியான மனிதர், சீருடை இல்லாதவர். ஹெலிகாப்டரிலிருந்து யாரோ வீட்டைப் பார்த்துச் சொல்லியிருக்கிறார்கள். கையில் இருந்த வரைபடத்தில் மூடியைச் சுற்றி ஒரு வட்டம் இருந்தது. அவர் ஒரு சிறிய கருவியை முக்காலியில் வைத்து வீட்டுச் சுவரைக் குறிபார்த்தார். அப்புறம் இன்னொரு முறை பார்த்தார்.

"ஆயிரத்து எண்பது, மேடம்" என்றார்.

"ஆயிரத்து ஐந்நூறு. நாங்க ரெண்டு தடவ அளந்தோம்" என்றார் ஆர்டிஸ்.

"எப்படி அளந்தீங்க?"

லைல் கையை நீட்டி வடக்கே காட்டினார், பிறகு கிழக்கே காட்டினார். பெல்ட்ரானுக்குப் புரிந்துவிட்டது. வருத்தப்பட்டார்.

"நேர்கோட்டுல அளக்கணும், சார்."

"நேரா யாரு போறா? பருந்து போகும். நாங்க ரோட்டுல போறவங்க."

"வெடிச்சா அது ரோட்டுல வராது, சார்."

மார்ச் மாதத்துக்குள் வீட்டை வட்டத்துக்கு வெளியே கொண்டுபோக வேண்டும், அல்லது கொட்டகையாக வைத்துக்கொள்ள வேண்டும், எதுவானாலும் இனி யாரும் அங்கே தூங்கக் கூடாது என்றார் பெல்ட்ரான். ஆர்டிஸ் அவருக்குக் காப்பி கொடுத்தார். அவர் குடித்துவிட்டு, "நல்ல வீடு, மேடம்" என்று சொல்லிப் போனார்.

நகர்த்துவது முடியாத காரியமல்ல. ஆனால் கிணற்றுக்கு மேலே மேடு முழுவதும் பாறை. எங்கள் குளிரில் தண்ணீர்க் குழாயை ஓர் ஆள் மறையும் ஆழத்தில் புதைக்காவிட்டால் உறைந்து வெடித்துவிடும். பாறையில் அவ்வளவு ஆழம் தோண்ட முடியாது. அப்படியென்றால் வீடு ஒரு பக்கம், தண்ணீர் ஒரு பக்கம். ஆர்டிஸின் கனவில் பாதி அந்தக் குழாய்தான்.

லைல் வீட்டு நிலவறையில், அவர் மனைவி ஜாய்ஸின் தையல் இயந்திரத்துக்குப் பக்கத்தில் ஆர்டிஸ் சில நாள் படுத்துப் பார்த்தார். காரி தொலைபேசியில் அழுத்திச் சொன்னாள்.

"ஸ்போகேனுக்கு வந்துடும்மா. குண்டு விழறதுக்குன்னே வெச்சிருக்கற எடத்துல உனக்கு என்ன வேலை?"

"உன் ஊர்ல பஸ்ஸுக்கு ரெண்டு பாதை, நாப்பது சிக்னல். நான் ஓட்ட மாட்டேன்" என்றார் ஆர்டிஸ்.

லைலின் யோசனை வேறு. "வழக்குப் போடலாம். அதுவரைக்கும் வெளக்க அணைச்சுட்டு உன் வீட்லயே படு. ஹெலிகாப்டர் என்ன, ஜன்னல்ல எட்டிப் பாக்கவா போகுது?"

ஆர்டிஸ் அப்படியே செய்தார். எங்கள் எல்லோருக்கும் தெரியும், யாரும் வெளியே பேசவில்லை. வண்டியை லைல் வீட்டில் நிறுத்திவிட்டு, இருட்டியதும் வரப்போடு நடந்து வந்து தன் வீட்டில் தூங்குவார். திரைகளை இழுத்துவிடுவார். வெளிச்சம் வருவதற்குள் கிளம்பிவிடுவார். கிறிஸ்துமஸ் வரை அப்படிப் போயிற்று.

பள்ளி விடுமுறையில் ஒரு காலை அவர் அயர்ந்து தூங்கிவிட்டார். நன்றாக விடிந்திருந்தது. கிணற்று மூடிமேல் பனிக்கட்டி பிடித்திருந்ததால், ஓர் இரும்புக் கடப்பாறையை எடுத்துக்கொண்டு வெளியே வந்து உடைக்கத் தொடங்கினார். அந்த நேரத்தில் முயலோ முட்செடியோ மணியை அடித்திருந்தது. காவல் வண்டி வேலியை நோக்கி வந்தது. வீரர்களின் வரைபடத்தில் அந்த வீடு காலிக் கொட்டகை. அங்கே இப்போது ஓர் ஆள், கையில் நீளமாக ஏதோ ஒன்று.

வண்டி வரப்பில் திரும்பி வந்து நின்றது. ஒருவன் கதவுக்குப் பின்னால் நின்று துப்பாக்கியை நீட்டினான்.

"அதக் கீழ போடுங்க. கீழ படுங்க. கைய விரிச்சு வைங்க."

ஆர்டிஸ் கடப்பாறையைப் போட்டார். "நான் ஆர்டிஸ், தம்பி. பள்ளிக்கூட பஸ் ஓட்டறவ."

"படுங்க, மேடம். தயவுசெஞ்சு படுங்க."

அவர் முகம் குப்புறப் பனியில் படுத்தார். பிறகு எங்கள் வீட்டுச் சமையலறையில் இதைச் சொன்னபோது, பயந்தது தானல்ல என்றார். தலையைத் திருப்பிப் பார்த்தபோது அந்தப் பையனின் கை தெரிந்தது. கையுறைக்குள் அது நடுங்கிக்கொண்டிருந்தது. துப்பாக்கி முனை ஊசியில் நூல் கோப்பது போல அலைந்ததாம்.

இன்னொரு வீரன் ரேடியோவில் பேசி உறுதி செய்துகொண்டான். பையன் ஓடி வந்து அவரைத் தூக்கிவிட்டான். பெயர் டூசே, லூயிசியானாக்காரன்.

"மன்னிச்சிடுங்க, மேடம். இங்க யாரும் கெடையாதுன்னுதான் எங்ககிட்ட சொன்னாங்க."

"யாரும் கெடையாதுதான்."

"அப்ப நீங்க?"

"நான் திருட்டுத்தனமா தூங்கறேன்."

சிரிக்கலாமா என்று அவனுக்குத் தெரியவில்லை. அவர் கோட்டில் ஒட்டியிருந்த பனியைத் தட்டிவிடத் தொடங்கி, கூடாதோ என்று பாதியில் நிறுத்தினான்.

"உனக்கு என்ன வயசு?"

"பத்தொம்பது, மேடம்."

"நீ பண்ணது சரிதான். உங்க பெரியவங்க கேட்டா அப்படித்தான் சொல்லுவேன்" என்றார் ஆர்டிஸ்.

அன்று மதியமே லைலிடம் போய், வெர்னனைக் கூப்பிடச் சொன்னார். லைலுக்குக் கோபம் வந்தது.

"உன் நிலத்துல உன்னப் பனியில படுக்க வெச்சிருக்காங்க. இதுக்கே வழக்குப் போடணும். நீ என்னடான்னா வீட்டத் தூக்கிட்டு ஓடறேங்கற."

"ஜெயிச்சா என்ன ஆகும், லைல்?"

"அங்கயே இருப்பே."

"இருப்பேன். முயல் ஓடற அன்னிக்கெல்லாம் ஒரு புள்ள என் வாசல்ல துப்பாக்கியோட நிப்பான். நான் கதவத் தொறந்தா அவன் என்ன பண்ணணும்?"

"சுட மாட்டான்."

"எனக்குத் தெரியும். அவனுக்குத் தெரியல. அவன் கைய நான் பாத்தேன்." கோட்டை மாட்டிக்கொண்டு, "தண்ணிய நான் சுமந்துக்கறேன்" என்றார்.

ஜாய்ஸ் தையலை நிறுத்திவிட்டு, "வெர்னன் நம்பர் ஃப்ரிட்ஜ்மேல இருக்கு" என்றார். லைல் எழுந்து போய் எடுத்தார்.

பிப்ரவரியில், மண் கல்லாக உறைந்திருந்தபோது, வெர்னன் மறுபடி வீட்டுக்கு அடியில் இரும்பு உத்தரங்களைச் செருகினார். எங்கள் டிராக்டர், லைல் டிராக்டர், பக்கத்து நிலத்து லார்சன் டிராக்டர் மூன்றும் சேர்ந்து வீட்டை மேட்டின்மேல் இழுத்தன. ஓரிடத்தில் சக்கரம் பாறையில் ஏறி, சமையலறைப் பக்கம் உயர்ந்து, உள்ளே ஏதோ விழுந்து நொறுங்கியது.

"என்னது அது?" என்று வெர்னன் கத்தினார்.

"ராட்னியோட அம்மா கொடுத்த சூப்புக் கிண்ணம். நீ இழு" என்றார் ஆர்டிஸ்.

பெல்ட்ரான் தன் கருவியோடு வந்திருந்தார். லைலுக்கு அந்தப் பெட்டிமேல் நம்பிக்கை இல்லை. நானும் அளப்பேன் என்று டேப்பைப் பிடித்துக்கொண்டு, வேலியிலிருந்து வீட்டை நோக்கி நேராக நடந்தார். பனிக்குக் கீழே, அக்காவின் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து அவர் இலையுதிர் காலத்தில் விதைத்த கோதுமை. தன் பயிரைத் தானே சாய்வாக மிதித்துக்கொண்டு, ஒவ்வோர் அடிக்கும் ஏதோ முணுமுணுத்தபடி போனார். வேலிக்கும் மூடிக்கும் இடையிலுள்ள தூரத்தையும் சேர்த்துக் கூட்டி, "ஆயிரத்து இருநூத்தி முப்பது" என்று அறிவித்தார்.

"எனக்கு இருபத்தெட்டு வருது. போதும்" என்றார் பெல்ட்ரான்.

ஆர்டிஸ் மூடி இருந்த திசையைப் பார்த்துக் கேட்டார். "இப்ப அது வெடிச்சா எனக்கு ஒண்ணும் ஆகாது?"

"அதோட எரிபொருள் வெடிச்சா ஜன்னல் கண்ணாடி போகலாம், மேடம். வீடு நிக்கும்."

"வெளியிலருந்து ஏதாவது வந்து அதுமேல விழுந்தா?"

பெல்ட்ரான் கருவியை முக்காலியிலிருந்து கழற்றி உறையில் போட்டார். "அதுக்கு இந்த மாதிரி எதையும் எங்ககிட்ட அளக்கக் கொடுக்கல, மேடம்."

லைல் அன்று முதன்முறையாகச் சிரித்தார். பெல்ட்ரானும் கொஞ்சம் சிரித்தார்.

இப்போது வீட்டின் கீழே, பாறைமேல் எழுப்பிய அடிச்சுவர்களுக்குள், ஒரு பெரிய தண்ணீர்த் தொட்டி இருக்கிறது. சனிக்கிழமைதோறும் ஆர்டிஸ் பிக்கப் வண்டியின் பின்னால் ஒரு பிளாஸ்டிக் தொட்டியைக் கட்டிக்கொண்டு தன் கிணற்றுக்கு இறங்கி வருவார். கிணறு வட்டத்துக்குள்தான் இருக்கிறது. பகலில் வேலை செய்யத் தடையில்லை. நிரப்பிக்கொண்டு மேட்டில் ஏறுவார். வாரத்துக்கு இரண்டு நடை. துணி துவைக்கிற வாரம் மூன்று. முதுகு வலிக்கிறது என்று அவரே சொல்கிறார். பிடித்திருக்கிறதா என்று கேட்டால், வீடு ஆடுவதில்லை என்கிறார்.

ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை நான் எங்கள் வயலில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். காவல் வண்டி தூசி பறக்க வந்து வேலிக் கதவருகே நின்றது. டூசே இறங்கினான். ஆர்டிஸ் கிணற்றடியில், தொட்டிக்குள் குழாயைப் போட்டுவிட்டு நின்றிருந்தார். அவன் திரும்பிப் பார்ப்பதற்கு முன்பே இரண்டு கைகளையும் தலைக்கு மேலே உயர்த்தி, விரல்களை விரித்துக் காட்டினார். அப்படியே அசையாமல் நின்றார்.

டூசே வேலியைச் சுற்றிப் பார்த்தான். உள்ளே எட்டிப் பார்த்தான். பிறகு வாயருகே கையைக் குவித்துக் கத்தினான்.

"கைய எறக்குங்க, மேடம். தண்ணி வழியுது."